ஓர்க்காவைத் தொட்டியில் அடைப்பது சரியா? நம் சட்டம் என்ன சொல்கிறது?

முத்தியால்பேட்டை கவிதா

எல்லாருக்கும் வணக்கம். பிரான்ஸில் இருக்கும் என் பெரியம்மா மகள் குடும்பத்தோடு லீவுக்கு வந்திருக்கிறாள். அவள் பெண் சின்ன வயசில் ஆன்டீப் ஊரில் இருந்த மரீன்லாண்ட் என்ற கடல் பூங்காவில் ஓர்க்கா ஷோ பார்த்தவள். கொலைகாரத் திமிங்கலம் என்பார்களே, அதுதான் ஓர்க்கா. 2021 நவம்பர் 30-ல் பிரான்ஸ் அரசு திமிங்கல, டால்ஃபின் காட்சிகளைத் தடை செய்து சட்டம் போட்டது. ஐந்து வருட அவகாசம் கொடுத்திருந்தார்கள். அதற்கு முன்னாலேயே, 2025 ஜனவரி 5-ல் அந்தப் பூங்காவை மூடிவிட்டார்கள். ஆனால் விக்கி என்ற தாய் ஓர்க்காவும் கெய்ஜோ என்ற அதன் மகனும் அதே தொட்டியிலேயே கிடந்தன. ஜப்பானுக்கு அனுப்பலாம் என்ற யோசனையை பிரான்ஸ் அரசு ஏற்கவில்லை. ஸ்பெயினுக்கு அனுப்பலாம் என்றதற்கு ஸ்பெயின் சம்மதிக்கவில்லை. மேலிருந்து எடுத்த வீடியோவை அந்தப் பெண் காட்டினாள். பாசி பிடித்துப் பச்சையாக நிற்கிறது தண்ணீர், நடுவில் இரண்டும் மிதக்கின்றன. விக்கி 2001-ல் அங்கேயே பிறந்தது. கடலை ஒரு நாளும் பார்த்ததில்லை.

என் பையன் கூட உட்கார்ந்து பார்த்துவிட்டு, "அம்மா, இதை நம்ம சென்னையில வச்சா நாம போய்ப் பார்க்கலாம் இல்ல?" என்று கேட்டான். கேட்டதில் தப்பில்லை, குழந்தைதானே. எனக்குத்தான் பதில் தெரியவில்லை. நம் நாட்டில் இப்படி ஒன்று வைக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறதா? இருந்தாலும் அது நியாயமா? என்னைக் கேட்டால் நியாயமே இல்லை. மற்றவர்கள் சொல்லுங்கள்.

மஞ்சக்குப்பம் வக்கீல்

சட்டத்தை மட்டும் முதலில் சொல்லிவிடுகிறேன்.

2013 மே 17 அன்று மத்திய உயிரியல் பூங்கா ஆணையம் எல்லா மாநிலங்களுக்கும் ஒரு சுற்றறிக்கை அனுப்பியது. டால்ஃபின் காட்சியகம் அமைக்க யார் கேட்டாலும் அனுமதி கிடையாது என்பது அதன் சாரம். அப்போது கொச்சியிலும் மகாராஷ்டிரத்திலும் அந்த யோசனை ஓடிக்கொண்டிருந்தது, மக்கள் எதிர்ப்பும் இருந்தது. சுற்றறிக்கை சொன்ன காரணம்தான் முக்கியம். இந்த உயிர்கள் மிகுந்த அறிவும் உணர்ச்சியும் உள்ளவை, இவற்றை மனிதரல்லாத நபர்களாகவே பார்க்க வேண்டும் என்று ஆய்வாளர்கள் சொல்கிறார்கள், பொழுதுபோக்குக்காக இவற்றை அடைப்பது அறத்துக்கு ஒவ்வாது என்று ஓர் அரசு ஆவணமே எழுதியது. ஓர்க்கா டால்ஃபின் குடும்பத்தில் பெரியது. ஆகவே அதுவும் இதில் அடக்கம்.

இதற்குப் பின்னால் நம் பக்கத்துக் கதை ஒன்றும் உண்டு. 90களின் கடைசியில் சென்னைக்கு வெளியே ஒரு பொழுதுபோக்குப் பூங்காவுக்குப் பல்கேரியாவில் இருந்து டால்ஃபின்களைக் கொண்டுவந்தார்கள். சில மாதங்களிலேயே அவை செத்துப்போயின.

ஒரு பலவீனத்தையும் சொல்ல வேண்டும். இது சுற்றறிக்கை, நாடாளுமன்றம் இயற்றிய சட்டம் அல்ல. நாளைக்கு வேறொரு அரசு இன்னொரு சுற்றறிக்கை போட்டு இதை மாற்ற முடியும். கனடா 2019-ல் தனிச் சட்டமே கொண்டுவந்தது. கலிஃபோர்னியா 2016-ல் ஓர்க்கா இனப்பெருக்கத்தையும் வேடிக்கைக் காட்சியையும் சட்டத்தால் தடுத்தது. நாம் இன்னும் அந்த அளவுக்குப் போகவில்லை.

நெல்லித்தோப்பு சங்கர்

நான் வளைகுடாவில் வேலை பார்த்தவன். 2023-ல் அபுதாபியில் சீவேர்ல்டு திறந்தபோது பிள்ளைகளைக் கூட்டிப்போனேன். அங்கே ஓர்க்கா இல்லை, டால்ஃபின் இருக்கிறது. என் சின்னவள் அன்றிலிருந்து கடல், மீன், சுறா என்று புத்தகம் புத்தகமாகப் படிக்கிறாள். அது நல்லதில்லையா?

இன்னொன்று. தொட்டியில் இருக்கும் உயிருக்கு வேளாவேளைக்குத் தீனி, நோய் வந்தால் வைத்தியர். கடலில்? வலையில் மாட்டிச் சாகிறது, கப்பல் அடித்துச் சாகிறது. நம் கடற்கரையில் செத்து ஒதுங்கும் டால்ஃபினை எத்தனை முறை செய்தியில் பார்க்கிறோம். நல்லபடியாக நடத்தினால் அடைத்து வைப்பதே கொடுமை என்று எப்படிச் சொல்வீர்கள்? யாரையும் சீண்டக் கேட்கவில்லை. உண்மையாகவே கேட்கிறேன்.

தேவனாம்பட்டினம் செல்வம்

கவிதா தங்கச்சி, சங்கர் அண்ணே, ரெண்டு பேருக்கும் சேர்த்தே சொல்றேன். ஓர்க்காவ நான் பார்த்ததில்ல. ஓங்கல, அதான் டால்ஃபின, தினம் பார்க்கிறவன். விடியக்காலையில இருட்டோட படகு நிக்கிறப்ப முதல்ல கண்ணுக்குத் தெரியாது, காதுக்குத்தான் தெரியும். புஸ்ஸுனு ஒரு மூச்சு, கொஞ்சம் தள்ளி இன்னொண்ணு, அப்புறம் சின்னதா ஒண்ணு. அந்தச் சின்ன மூச்சு குட்டியோடது. தாய்க்குப் பக்கத்துலயேதான் கேட்கும்.

ஒரு தடவ எங்க வலையில குட்டி சுத்திக்கிச்சு. வால் பக்கம் வலை நரம்பு இறுகிப்போச்சு. மேல வந்து மூச்சு விட முடியல. தாய் என்ன பண்ணுச்சு தெரியுமா? அடியில போய் குட்டிய முதுகால தூக்கித் தூக்கி மேல கொண்டாந்துச்சு. நாங்க கத்திய எடுத்துக்கிட்டு பக்கத்துல போறோம், படகு சத்தம், ஆளுங்க சத்தம், அது விலகல. இன்னும் ரெண்டு ஓங்கல் சுத்திச் சுத்தி வருது. வலைய அறுத்து விட்டோம். துண்டு துண்டாப் போன வலை, அன்னைக்கு மீன் பாடும் இல்ல. ஆனா அந்தத் தாய் முகத்தப் பார்த்த பெறகு யாருக்கும் வலை நெனப்பு வரல.

வலையில மாட்டிச் சாவுது, உண்மைதான் அண்ணே. அத நாங்கதான் சரி பண்ணணும், அரசாங்கமும் சேர்ந்து பண்ணணும். அதுக்காகக் குட்டியத் தாய்கிட்டேருந்து பிரிச்சுத் தொட்டியில போட்டா காப்பாத்துனதா ஆயிடுமா?

ரெட்டியார்பாளையம் உமா டீச்சர்

செல்வம் தம்பி சொன்னதற்கு மேல் நான் சொல்ல என்ன இருக்கிறது. இருந்தாலும் ஓர்க்காவைப் பற்றி வகுப்பில் நடத்தும்போது பிள்ளைகள் வாயடைத்துப் போகும் சில விஷயங்களை எழுதுகிறேன்.

அமெரிக்காவின் வடமேற்குக் கரையில் வாழும் மீன் தின்னி ஓர்க்காக்களில் மகனும் மகளும் ஆயுள் முழுக்கத் தாயோடுதான் இருப்பார்கள். முப்பது வயது ஆண் ஓர்க்கா, அம்மா பின்னால் போகும். குட்டி போடும் வயது முடிந்த பிறகும் பாட்டிகள் பல பத்தாண்டுகள் வாழ்வார்கள். மீன் குறைந்த வருஷத்தில் எங்கே போனால் இரை கிடைக்கும் என்று கூட்டத்தை முன்னால் நின்று நடத்துவது அவர்கள்தான். ஒவ்வொரு கூட்டத்துக்கும் தனிப் பேச்சு வழக்கு இருக்கிறது, குட்டிகள் அதைப் பெரியவர்களிடம் கேட்டுக் கேட்டுப் படிக்கின்றன. ஒரே நாளில் நூறு கிலோமீட்டருக்கு மேலும் நீந்தும்.

1970 ஆகஸ்டில் வாஷிங்டன் மாநிலத்தின் பென் கோவ் என்ற இடத்தில் இந்தக் கூட்டங்களை விரட்டி மடக்கி, குட்டிகளைப் பிரித்து எடுத்தார்கள். அதில் ஒன்று டோகிட்டே. லோலிட்டா என்று மேடைப் பெயர் வைத்து மயாமிக்குக் கொண்டுபோனார்கள். தொட்டியின் நீளம் 80 அடி, அகலம் 35 அடி, ஆழம் 20 அடி. வளர்ந்த டோகிட்டேயின் உடம்பே கிட்டத்தட்ட 20 அடி. அதிலேயே அரை நூற்றாண்டுக்கு மேல். லம்மி என்ற பழங்குடி மக்கள் அவள் எங்கள் உறவுக்காரி, அவளை வீட்டுக்கு அனுப்புங்கள் என்று வருஷக்கணக்கில் கேட்டார்கள். 2023 மார்ச்சில் அனுப்பப்போவதாக அறிவித்தார்கள். ஆகஸ்ட் 18-ல் அவள் இறந்துவிட்டாள். அவளுடைய தாயாக இருக்கலாம் என்று நம்பப்படும் ஓர்க்கா அப்போதும் அந்தக் கடலில் உயிரோடு நீந்திக்கொண்டிருந்தது.

சங்கர் சார், வேளாவேளைக்குத் தீனி என்றீர்கள். டோகிட்டேவுக்கும் தீனி கிடைத்தது.

நெல்லித்தோப்பு சங்கர்

டீச்சர், படித்துவிட்டு மனசு கனத்துப்போய்விட்டது. ஆனால் கெய்கோ என்ற இன்னொரு ஓர்க்காவின் கதையையும் சொல்ல வேண்டும் இல்லையா? 1979-ல் ஐஸ்லாந்துக் கடலில் பிடித்தது. சினிமாவில் நடித்ததால் உலகமே பரிதாபப்பட்டுக் கோடிக்கணக்கில் பணம் திரட்டி, 1998-ல் ஐஸ்லாந்துக்கே திரும்பக் கொண்டுபோனது. 2002-ல் தானாகவே நார்வே வரைக்கும் நீந்திப்போனது. காட்டு ஓர்க்காக்களோடு கலந்து நிற்கவே இல்லை. மனுஷர்களைத் தேடி வந்தது. 2003 டிசம்பரில் நிமோனியாவில் போய்ச் சேர்ந்தது. அப்போ விடுதலை விடுதலை என்று பேசுகிறவர்கள் விக்கியையும் கெய்ஜோவையும் என்ன செய்யச் சொல்கிறீர்கள்? பிறந்ததே தொட்டியில். வேட்டையாடத் தெரியாது.

முத்தியால்பேட்டை கவிதா

அண்ணா, இதுதான் எனக்கும் நெஞ்சை அறுக்கிறது. கடலில் கொண்டுபோய் விட்டுவிடுங்கள் என்று நான் சொல்ல மாட்டேன், அது கைகழுவுவது. கடலிலேயே ஒரு வளைகுடாவை வலையால் அடைத்து, அங்கே கடைசி வரை ஆள் வைத்துப் பராமரிப்பது என்று ஒரு வழி இருக்கிறது. 2019-ல் ஷாங்காய் பூங்காவில் இருந்த இரண்டு வெள்ளைத் திமிங்கலங்களை ஐஸ்லாந்துக்கு அப்படித்தான் கொண்டுபோனார்கள். சுலபமாக நடக்கவில்லை. அவை அந்தக் குளிர்ந்த கடலுக்குப் பழக நாளாகிறது, மறுபடி உள்தொட்டிக்குக் கொண்டுவர வேண்டி வருகிறது. காசும் தண்ணீராய்ச் செலவாகிறது. ஆனால் இத்தனை வருஷம் டிக்கெட் விற்றுச் சம்பாதித்தவர்கள் அந்தச் செலவை ஏற்கத்தான் வேண்டும்.

கெய்கோவின் கடைசி ஐந்து வருஷத்தை நான் தோல்வி என்று எண்ணவில்லை. அது கடலில் இருந்தது, தானாக மீன் பிடித்தது, தன் இஷ்டத்துக்கு ஒரு நாட்டில் இருந்து இன்னொரு நாட்டுக்குப் போனது. கூட்டத்தோடு சேர முடியாமல் போனதற்குக் காரணம் நாம் அதைச் சின்னக் குட்டியாகப் பிடித்ததுதான். குற்றம் 1979-ல் நடந்தது.

திருப்பாதிரிப்புலியூர் அருள்

டிலிக்கம் பற்றி யாரும் எழுதவில்லையே. 1983-ல் ஐஸ்லாந்தில் இரண்டு வயதில் பிடிபட்ட ஆண் ஓர்க்கா, பிறகு அமெரிக்காவில் சீவேர்ல்டு பூங்காவில் இருந்தது. 1991, 1999, 2010 என மூன்று பேர் சாவில் அதற்குப் பங்கு. 2010-ல் இறந்தவர் அதோடு பல வருஷம் பழகிய பயிற்சியாளர். திறந்த கடலில் ஓர்க்கா ஒரு மனிதரைக் கொன்றதாகப் பதிவே கிடையாது. வழக்கு நடந்து, பயிற்சியாளருக்கும் ஓர்க்காவுக்கும் நடுவில் தடுப்பு வேண்டும் என்ற உத்தரவை 2014-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் உறுதி செய்தது. 2016-ல் சீவேர்ல்டு நிறுவனமே இனி ஓர்க்கா இனப்பெருக்கம் செய்ய மாட்டோம் என்று அறிவித்தது.

இதைப் படிக்கும்போது எனக்குத் திருச்செந்தூர்தான் ஞாபகம் வருகிறது. 2024 நவம்பரில் தெய்வானை யானை தன் பாகனையும் அவருடைய உறவினரையும் கொன்றது. தொட்டியைப் பற்றி இவ்வளவு பேசுகிறோம், கோயில் யானையைப் பற்றி ஏன் பேசுவதில்லை? நம்ம புதுச்சேரிக் கோயில் யானை லட்சுமியைப் பற்றி?

அம்பலத்தடையார் மடத்து வீதி பாலு

அருள் தம்பி, நிறுத்துங்கள். காசுக்குக் குட்டிக்கரணம் போடவைக்கும் வியாபாரமும் மணக்குள விநாயகர் கோயில் லட்சுமியும் ஒன்றா? 1995-ல் சின்னக் குட்டியாக வந்தவள். இந்த ஊர்ப் பிள்ளைகள் எத்தனை பேர் அவள் தும்பிக்கை தலையில் பட்ட பிறகுதான் முதல் நாள் பள்ளிக்கூடம் போனார்கள். காலில் வெள்ளிக் கொலுசு. 2022 நவம்பர் 30 காலையில் நடைக்குப் போனவள் தெருவிலேயே சாய்ந்தாள். அன்றைக்கு ஊரே அழுதது. நானும் அழுதேன். பெற்ற பெண்ணைப் போல வளர்த்தோம். அதைச் சிறை என்று சொல்ல யாருக்கும் வாய் வரக்கூடாது.

நெறியாளர்

இதற்குக் கீழே ஒருமையில் திட்டிய இரண்டு பதிவுகளை நீக்கியிருக்கிறேன். கோயில் யானை பற்றிப் பேசலாம். பக்தியை இழிவாகப் பேசக்கூடாது, கேள்வி கேட்பவரைத் துரோகி என்றும் சொல்லக்கூடாது.

ரெட்டியார்பாளையம் உமா டீச்சர்

பாலு ஐயா, உங்கள் அழுகை பொய் என்று யாரும் சொல்லவில்லை. நானும் அந்தக் கூட்டத்தில் நின்றவள்தான். என் மகளைத் தூக்கிக்கொண்டு போய் அருகம்புல் கொடுத்திருக்கிறேன். தும்பிக்கை நுனி ஈரமாக, விரல் மாதிரி, என் உள்ளங்கையில் ஒவ்வொரு புல்லாகத் தடவி எடுக்கும். அவ்வளவு மென்மை.

ஆனால் ஐயா, யானைக் கூட்டத்திலும் பெண் குட்டி தாயை விட்டு, பாட்டியை விட்டு, சித்தி பெரியம்மாவை விட்டுப் போவதில்லை. சாகும்வரை அந்தக் கூட்டம்தான். லட்சுமி ஐந்து வயசில் வந்தாள், 32 வயசில் போனாள். நடுவில் இருந்த வருஷமெல்லாம் தன் இனத்தில் ஒரு முகத்தைப் பார்த்து எழுந்த காலை எத்தனை இருக்கும்? மனுஷர்கள் சுற்றி ஆயிரம் பேர் இருந்தோம். நாம் அவளுக்குச் சொந்தம் ஆக முடியுமா?

கனடாவில் கிஸ்கா என்று ஓர் ஓர்க்கா. அவள் போட்ட ஐந்து குட்டிகளும் செத்தன. 2011-ல் இருந்து தொட்டியில் தனியாக இருந்தாள். 2023 மார்ச்சில் சாகும்வரை தனியாகவேதான். சுவரில் முட்டிக்கொள்ளும் வீடியோவை உலகம் பார்த்தது. எனக்குத் தொட்டியின் அளவு இரண்டாவது விஷயம். பெரிய தொட்டி கட்டலாம், பளிங்குக் கொட்டகை கட்டலாம், நீச்சல் குளம் வெட்டலாம். பிரித்த உறவை யாரும் கட்டித் தர முடியாது. அதனால்தான் நல்லபடியாக நடத்தினால் என்ன என்ற கேள்விக்கு என்னால் சரி என்று சொல்ல முடியவில்லை. அன்பாக நடத்தினாலும் அந்த உயிர் தனியாகத்தான் நிற்கிறது.

மஞ்சக்குப்பம் வக்கீல்

யானை விஷயத்தில் சட்டம் தனக்குத்தானே முரண்பட்டு நிற்கிறது. 2009-ல் இதே மத்திய ஆணையம்தான் உயிரியல் பூங்காவிலும் சர்க்கஸிலும் யானை வைக்கக்கூடாது, முகாமுக்கு அனுப்புங்கள் என்றது. கோயில் அந்த ஆணையத்தின் வரம்பிலேயே இல்லை. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 1972-ல் யானை பட்டியல் 1-ல் உள்ள உயிர், உச்சகட்டப் பாதுகாப்பு. 2022 திருத்தமோ, சமயப் பயன்பாட்டுக்கு யானையை இடம் மாற்ற வாசல் திறந்தது. ஒரே சட்டத்தில் இரண்டு பேச்சு.

2023 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, தமிழகக் கோயில்கள் இனிப் புதிதாக யானை வாங்கக்கூடாது என்று அறிவுறுத்தச் சொல்லி அரசுக்கு உத்தரவிட்டது. புதுச்சேரி தனி நிர்வாகம். இங்கே அந்த மாதிரி அரசாணை வேண்டுமென்றால் நாம்தான் கேட்க வேண்டும்.

விலங்குக்கு உரிமை உண்டு என்று நீதிமன்றத்தையே நம்பியிருக்கவும் முடியாது. 2014-ல் நாகராஜா வழக்கில் உச்ச நீதிமன்றம் விலங்கின் கண்ணியம், உயிர் வாழும் உரிமை வரைக்கும் பேசியது. 2023 மே மாதம் ஜல்லிக்கட்டு வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, விலங்குக்கு அடிப்படை உரிமை உண்டு என்று சொல்ல முன்வரவில்லை, அதைச் சட்டம் இயற்றும் மன்றங்கள் யோசிக்கட்டும் என்று விட்டுவிட்டது. அதனால் சட்டம் இயற்றுபவர்களிடம் கையெழுத்துப் போட்டு மனுக் கொடுத்துக் கேட்பதுதான் ஒரே வழி.

நெல்லித்தோப்பு சங்கர்

உமா டீச்சர் சொன்ன அந்த ஒன்றுக்கு என்னிடம் பதில் இல்லை. தனிமை. என் சின்னவளிடம் காட்டினேன், கிஸ்கா வீடியோ வேண்டாம், எழுதியதை மட்டும் படித்துக் காட்டினேன். "அப்போ நாம பார்த்த டால்ஃபினோட அம்மா எங்கப்பா?" என்றாள்.

பூங்காவில் வேலை செய்பவர்களைக் கெட்டவர்களாக நினைக்கக்கூடாது என்பதில் மட்டும் இன்னும் உறுதியாக இருக்கிறேன். அந்தப் பயிற்சியாளர்கள் அந்த உயிரை நேசித்தவர்கள். பாகனும் அப்படித்தான். யானை போய்விட்டால் அந்தப் பாகன் குடும்பத்துக்கு என்ன வழி என்று யாராவது கேட்கிறோமா? எது கேட்டாலும் அதையும் சேர்த்துக் கேளுங்கள்.

தேவனாம்பட்டினம் செல்வம்

பாகனுக்கு வழி கேக்குற மாதிரி, ஓங்கல விட வலைய அறுத்தவனுக்கு வலைக் காசும் கேளுங்க. காசு கெடைக்கும்னு தெரிஞ்சா கத்தி எடுக்க எவனும் தயங்க மாட்டான்.

அம்பலத்தடையார் மடத்து வீதி பாலு

நேற்றே எழுதியிருக்க வேண்டும், மனசு ஒரு நிலையில் இல்லை. என் தாத்தா காலத்தில் இருந்து அந்தக் கோயிலுக்குப் போகிறோம். வாசலில் யானை நின்றால் விநாயகரே வந்து நிற்பதாக எங்களுக்கு. இனி யானையே வேண்டாம் என்று கையெழுத்துப் போட எனக்கு இன்னும் கை வரவில்லை, அதை வெளிப்படையாகவே சொல்கிறேன்.

ஆனால் டீச்சர் கேட்ட கேள்வியை என் சம்சாரத்திடம் சொன்னேன். அவள் திருப்பிக் கேட்டாள், "ஐந்து வயசுப் பெண்ணைத் தாயிடம் இருந்து பிரித்துக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தினால் பிள்ளையார் ஆசீர்வாதம் செய்வாரா?" நான் எழுந்து போய்விட்டேன். தாயைப் பிரித்த குட்டி எங்கள் வாசலுக்கு வேண்டாம். அது வரைக்கும் நான் வருகிறேன்.

முத்தியால்பேட்டை கவிதா

பாலு ஐயா, நீங்கள் வருகிற வரைக்கும் வந்தாலே பெரிது. மனுவில் உங்கள் வரியை அப்படியே எழுதுகிறேன், மற்றதற்கு நீங்கள் கையெழுத்துப் போட வேண்டாம்.

வக்கீல் அண்ணாவிடம் பேசினேன், இரண்டு மனுவாகப் போடச் சொல்கிறார். முதலாவது மத்தியச் சுற்றுச்சூழல் அமைச்சகத்துக்கு, 2013 சுற்றறிக்கையில் இருப்பதை வனவிலங்குச் சட்டத்துக்குள்ளேயே பிரிவாகச் சேர்க்கச் சொல்லி. வலை நஷ்டஈட்டையும் அதில் வைக்கலாம் என்றார், செல்வம் அண்ணன் மீனவர் சங்கத்துத் தலைவரைக் கேட்டுச் சொல்லுங்கள். இரண்டாவது புதுச்சேரி அரசுக்கு, புதிய கோயில் யானைக்கு அனுமதி தராமல் இருக்கவும், பாகன் குடும்பத்துக்கு மாற்று வேலை தரவும். வெள்ளிக்கிழமைக்குள் வரைவை இங்கே போடுகிறேன். திருத்தம் இருந்தால் இங்கேயே எழுதுங்கள், தனியாக அனுப்ப வேண்டாம். எல்லாரும் பார்த்துப் பேசித்தான் முடிவு செய்ய வேண்டும்.

மஞ்சக்குப்பம் வக்கீல்

முதல் மனுவில் ஒன்றை விட்டுவிடாதே அம்மா. தடை கேட்டால் போதாது. வெளிநாட்டில் மூடும் பூங்காக்களில் இருந்து மிச்சமான டால்ஃபின்களை இங்கே தள்ளப் பார்க்கும் வாய்ப்பு உண்டு. காட்சிக்காக இறக்குமதி செய்வதற்கும் சேர்த்துத் தடை கேள். பல்கேரியாவில் இருந்து வந்தவற்றுக்கு அப்போது நம் ஊர்க் காகிதம் எல்லாம் சரியாகத்தான் இருந்திருக்கும்.